28,000 ரூபாயும் ஒரு வடு கோடும்: நாகர்கோவில் மெடிக்கல் கோடிங் வகுப்பு எப்படி?

நாகர்கோவிலில் ஒரு மாடியில் நடக்கும் மெடிக்கல் கோடிங் வகுப்பில் நான்கு மாதம் படித்தேன். 28,000 ரூபாய் கட்டினேன், சிபிசி என்கிற, கோடர்களுக்கான அமெரிக்கச் சான்றிதழ்ப் பரீட்சையும் பாஸ் பண்ணினேன், வேலையும் கிடைத்தது. அப்படியென்றால் நல்ல இடம்தானே என்று தக்கலையிலிருந்தும் மார்த்தாண்டத்திலிருந்தும் தெரிந்தவர்கள், தெரிந்தவர்களுக்குத் தெரிந்தவர்கள் எல்லாம் போனில் கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் அரை மணி நேரம் பேசி ஓய்ந்துவிட்டேன், அதனால் ஒரே தடவையாக இங்கே எழுதிவிடுகிறேன். இடத்தின் பெயரைச் சொல்லப் போவதில்லை. ஓனர் எங்கள் ஊர்க்காரர், கல்யாண வீட்டில் எதிரெதிர் இலையில் உட்கார வேண்டியிருக்கும். பெயர் இல்லாமலே விஷயம் புரியும்.

சுருக்கமாகச் சொன்னால், வார நாள் வகுப்புக்கு ஐந்துக்கு ஒன்றரை. சனிக்கிழமை இதய வகுப்புக்கு ஐந்துக்கு ஐந்து, இன்னும் ஒன்று இருந்தால் அதையும் கொடுப்பேன். இரண்டும் ஒரே கட்டடம், ஒரே நாற்காலிகள்தான்.

இடத்தைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. கீழே நேந்திரம் சிப்ஸ் கடை. பத்து மணிக்குத் தேங்காய் எண்ணெய் காய ஆரம்பித்தால் மேலே இருக்கிறவனுக்கு நரம்பு மண்டலமாவது எலும்பு மண்டலமாவது, எதுவும் ஏறாது. ஏசி உண்டு, கரண்டும் இருந்தால் ஓடும். இருபது பேர் உட்காரும் அறையில் முப்பத்தி நான்கு பேர் இருந்தோம். நர்சிங் படித்தவர்கள், பார்மசி, விலங்கியல், என் மாதிரி மைக்ரோபயாலஜி, இரண்டு இன்ஜினீயர்கள், அப்புறம் கல்ஃபிலிருந்து திரும்பி வந்த ஒரு அண்ணன். எல்லாருக்கும் ஒரே கணக்குதான், ஊரிலிருந்தபடியே அமெரிக்க ஆஸ்பத்திரிக்கு வேலை பார்த்துச் சம்பாதிக்கலாம் என்பது.

கோடிங் என்றால் என்ன என்று தெரியாதவர்களுக்கு ஒரு வரி. அங்கே டாக்டர் எழுதி வைக்கும் குறிப்பைப் படித்து, என்ன நோய், என்ன சிகிச்சை என்பதை எண்களாக மாற்றிக் கொடுக்க வேண்டும், அதை வைத்துத்தான் இன்சூரன்ஸ் கம்பெனி பணம் தரும். நோய்க்கு ஐசிடி-10-சிஎம் என்ற தொகுப்பு, டாக்டர் செய்த சிகிச்சைக்கு சிபிடி. ஐசிடி-10-சிஎம் அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது, ஒவ்வொரு வருடமும் அக்டோபர் 1-ல் கோடுகள் மாறும், சில சேரும், சில போகும். இந்த மாறும் விஷயத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் முதல் ஏமாற்றம் அங்கேதான்.

பீஸில் புத்தகமும் சேர்த்து என்றார்கள். கையில் வந்தது ஸ்பைரல் போட்ட ஜெராக்ஸ், அதுவும் பழைய வருடத்துடையது. பரீட்சைக்குப் புத்தகத்தைத் திறந்து வைத்துத்தான் எழுதுவோம், 100 கேள்வி, நான்கு மணி நேரம், 70 சதவீதம் எடுக்க வேண்டும். ஜெராக்ஸைத் தூக்கிக்கொண்டு போய் உட்கார முடியுமா? பரீட்சைக்கு வேண்டிய மூன்று கோடு புத்தகங்களையும் தனியாகக் காசு கொடுத்து வாங்கினேன். பரீட்சைக் கட்டணமும் 28,000-ல் அடங்காது என்பது மூன்றாவது மாதத்தில்தான் தெரிந்தது. ரிசப்ஷனில் இருந்த பிள்ளையிடம் கேட்டால், "அக்கா, அது போர்டுல சின்னதா போட்டிருக்கே" என்றது. போய்ப் பார்த்தேன். போட்டிருந்தது, ஏசி மெஷினுக்குப் பின்னால்.

வார நாள் வகுப்பில் சொல்லிக்கொடுத்த விதம் இப்படி: ஸ்லைடு போடுவார் சார், வாசிப்பார், நாங்கள் எழுதுவோம். இதயத்துக்கு இரண்டே நாள். அந்த இரண்டு நாளில் ரத்த ஓட்டம், வால்வு, ரத்தக்குழாய், மாரடைப்பு, பேஸ்மேக்கர், பைபாஸ் எல்லாம் முடிந்து மூன்றாம் நாள் காலை நுரையீரலுக்குள் போய்விட்டோம். கோடுகளை மனப்பாடம் செய்யச் சொல்வார். பேஸ்மேக்கர் இருந்தால் இசட் 95.0, ஸ்டென்ட் (அடைத்த ரத்தக்குழாயை விரித்து வைக்கும் சின்ன வலைக்குழாய்) இருந்தால் இசட் 95.5, செயற்கை வால்வு இருந்தால் இசட் 95.2, வாய்ப்பாடு மாதிரி. இதில் தப்பில்லை. ஆனால் பேஸ்மேக்கர் இருக்கிறது என்பது வேறு, பேஸ்மேக்கரால் தொந்தரவு வந்திருக்கிறது என்பது வேறு, இரண்டாவதைப் பற்றி அவர் வாயே திறக்கவில்லை.

அந்த இரண்டாவது விஷயத்தில்தான் எனக்கும் சாருக்கும் முட்டிக்கொண்டது.

மாதிரித் தேர்வில் ஒரு கேள்வி. நோயாளிக்குப் பதினோரு வருடத்துக்கு முன்னால் பேஸ்மேக்கர் வைத்திருக்கிறார்கள். அதிலிருந்து இதயத்துக்குப் போகும் கம்பி, லீடு என்பார்கள், அதைச் சுற்றி வடுத்திசு இறுக வளர்ந்து லீடு சரியாக வேலை செய்யவில்லை, வடுதான் காரணம் என்று டாக்டர் எழுதியிருக்கிறார், லீடை எடுக்க ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள். நான் போட்ட பதில் டி 82.827 ஏ. இதயத்தில் வைத்த செயற்கைச் சாதனத்தால் வந்த ஃபைப்ரோசிஸ், அதாவது நார்த்திசு வடு, அதுதான் அந்த கோடின் அர்த்தம். கடைசியில் வரும் ஏ ஏழாவது எழுத்து. ஆன்சர் கீயில் இருந்தது டி 82.828 டி. (தமிழில் எழுதும்போது ஒரு சங்கடம், முன்னால் இருப்பது டீக்கடை டி, பின்னால் இருப்பது டாக்டர் டி, குழம்பிவிடாதீர்கள்.) எனக்குப் பூஜ்யம்.

இரண்டு இடத்தில் கீ தப்பு. சாரிடம் போய்ச் சொன்னேன், வகுப்பு முடிந்த பிறகுதான், எல்லார் முன்னாலும் இல்லை.

"மக்களே, பதினோரு வருசம் முன்னால வச்ச சாதனம். முதல் தடவை இல்லியே. அப்ப ஏ எப்படி வரும்? டாக்டர் டி தான்."

"சார், வச்சது அப்பம்தான். ஆனா இப்ப எடுக்கது இந்த வடுவுக்கான வைத்தியம் இல்லியா?"

"கீயில அப்படித்தான் இருக்கு."

அதற்குமேல் என்ன பேச? நிறைய பேர் தடுக்கி விழும் இடம் இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். ஏ என்றால் முதல் தடவை ஆஸ்பத்திரிக்கு வந்தது என்று பெயரைப் பார்த்து நினைத்துக்கொள்கிறார்கள். கைட்லைனில், அதாவது கோடு போடுவதற்கான அதிகாரபூர்வ விதிகளில், இருப்பது வேறு. அந்தப் பிரச்சினைக்கு இப்போது நேரடியாக சிகிச்சை நடக்கிறதென்றால் ஏ. சிகிச்சை முடிந்து ஆறிவரும் காலத்தில் பார்க்க வந்தால் டாக்டர் டி. அது விட்டுப்போன பின்விளைவு என்றால் எஸ். சிக்கலுக்கான கோடுகளைப் பற்றித் தனியாகவே எழுதி வைத்திருக்கிறார்கள்: சாதனத்தை வைத்தது முன்னொரு தடவையாக இருந்தாலும், இப்போது அந்தச் சிக்கலுக்கு சிகிச்சை நடந்தால் ஏ தான். செயற்கை மூட்டில் கிருமி தொற்றியதை உதாரணமாகக் காட்டியிருக்கிறார்கள். இதயத்துக்கு மட்டும் வேறு விதி கிடையாது.

இரண்டாவது தப்பு, 827-ஆ 828-ஆ என்பது. அந்த வரிசையில் ஆறாவது இடத்தில் 7 என்றால் இதயச் சாதனம், 8 என்றால் ரத்தக்குழாய்ச் சாதனம். கேள்வியில் லீடு வடுவால் ரத்தக்குழாயின் சுவரோடு ஒட்டியிருக்கிறது என்று இருந்ததால், கீ தயாரித்தவர் ரத்தக்குழாய் என்ற சொல்லைப் பார்த்து 8-க்குப் போய்விட்டார். ஆனால் கோடு கேட்பது வடு எங்கே இருக்கிறது என்று இல்லை, எந்தச் சாதனத்தால் வந்தது என்று. பேஸ்மேக்கர் லீடு இதயச் சாதனம், அது எந்த வழியாகப் போனாலும்.

இதெல்லாம் எனக்கு அப்போதே தெரிந்திருந்ததா என்றால் இல்லை. புத்தகத்தில் இன்டெக்ஸைத் தடவி எப்படியோ 827-க்கு வந்திருந்தேன், ஏ போட்டது பாதி ஊகம். காரணத்தோடு சொல்லித் தந்தது சனிக்கிழமை அக்கா.

சனிக்கிழமை வகுப்பு தனி. இதயம், ரத்தக்குழாய் மட்டும், ஆறு வாரம், தனியாக 6,000 ரூபாய். வேண்டியவர்கள் சேரலாம் என்று சொல்லி, யாரும் சேராத மாதிரி விளம்பரம் இல்லாமல் வைத்திருந்தார்கள். நாங்கள் ஏழு பேர். எடுத்த அக்கா திருவனந்தபுரத்தில் கேத் லேபில், அதாவது ரத்தக்குழாய் வழியாகக் குழாய் விட்டு இதயத்துக்கு வைத்தியம் பார்க்கும் அறையில், பல வருடம் நர்சாக இருந்துவிட்டு கோடிங்குக்கு வந்தவர். வந்தவுடன் ஸ்லைடு எதுவும் போடவில்லை. ஒரு ஆப்பரேஷன் நோட்டை ஆளுக்கொரு காப்பி கொடுத்து, "வாசிங்க, கோடு தேடாதிங்க, மொதல்ல என்ன நடந்துன்னு எனக்குக் கதையா சொல்லுங்க" என்றார். ஒருத்தராலும் சொல்ல முடியவில்லை. மூன்று மாதம் படித்து முடித்திருந்தோம்.

அப்புறம் அவர் கேட்டது: "பூவரச மரத்துல வேலிக்கம்பி கட்டியிருக்கத பாத்திருக்கியளா?" பார்க்காமலா? எங்கள் வீட்டுக்குப் பின்னாலேயே நிற்கிறது. கட்டின புதிதில் கம்பி மரத்துக்கு வெளியே இருக்கும், பத்து வருடம் போனால் மரம் கம்பியை விழுங்கிவிடும், பட்டை அதன்மேல் மூடிவிடும், பிடித்து இழுத்தால் கம்பி வராது, பட்டைதான் கிழியும். உடம்பும் அதுதான் செய்கிறது என்றார். வெளிப்பொருள் ஒன்று உள்ளே வந்தால் அதைக் கரைக்க முடியாதபோது நாரால் சுற்றிக்கட்டி ஒதுக்கிவைக்கும். பேஸ்மேக்கர் லீடு தோள்பட்டைக்குக் கீழே ரத்தக்குழாய்க்குள் நுழைகிற இடத்திலும், இதயத்துக்குள் நுனி தொடுகிற இடத்திலும், வழியில் எங்கெல்லாம் சுவரில் உரசுகிறதோ அங்கேயும் இந்த நார் உறை வளரும். வருடம் ஆக ஆக இறுகும், சிலருக்குச் சுண்ணாம்பும் படியும். அதனால்தான் பழைய லீடை எடுப்பது பெரிய வேலை. இழுத்தால் ரத்தக்குழாயோ இதயச் சுவரோ கிழியலாம். லேசர் வைத்த உறையை லீடின் மேலாகச் செலுத்தி வடுவை அறுத்துக்கொண்டே போவார்கள், பக்கத்திலேயே நெஞ்சைத் திறக்கும் சர்ஜன் தயாராக இருப்பார்.

நுனியில் வரும் வடு வேறு விதமான தொந்தரவு. அங்கே நார் தடித்தால், இதயத்தைத் துடிக்கவைக்க முன்னைவிட அதிக மின்சாரம் தேவைப்படும், பேட்டரி சீக்கிரம் தீரும், சில நேரம் துடிப்பே பிடிக்காது. அதற்காகத்தான் லீடின் நுனியில் கொஞ்சம் ஸ்டீராய்டு வைத்துத் தயாரிக்கிறார்கள், அது மெல்லக் கசிந்து வீக்கத்தைக் குறைக்கும். இதைக் கேட்டபோது என் பக்கத்தில் இருந்த இன்ஜினீயர் பையன் முதல் தடவையாக நோட்டில் எழுதினான். அதுவரை போனில் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தான்.

வால்வு விஷயம் எனக்கு வீட்டு விஷயம். என் பெரியப்பாவுக்கு திருவனந்தபுரத்தில் ஸ்ரீசித்திராவில் உலோக வால்வு வைத்தார்கள். நம் மாவட்டத்தில் இதயம் என்றாலே பாதிப் பேர் அந்தப் பக்கம்தான் ரயிலேறுவார்கள். அங்கேயே உருவாக்கிய சித்திரா வால்வை முதன்முதலில் ஒரு நோயாளிக்கு வைத்தது 1990 டிசம்பரில், சாயும் வட்டத்தட்டு வகை. பெரியப்பாவுக்கு வைத்தது எந்த வால்வு என்று நாங்கள் கேட்டுக்கொள்ளவில்லை, ஆனால் ராத்திரி வீடு அடங்கினபிறகு அவர் பக்கத்தில் படுத்தால் டிக் டிக் என்று கேட்கும், சின்ன வயதில் அவர் கடிகாரத்தை விழுங்கிவிட்டார் என்று நம்பியிருந்தோம். ரத்தம் உறையாமலிருக்க தினமும் மாத்திரை, மாதாமாதம் ரத்தப் பரிசோதனை, ஒரு நாள் தவறினாலும் பெரியம்மா கத்துவார். ஏன் அந்தக் கத்தல் என்று சனிக்கிழமைதான் புரிந்தது.

வால்வின் தட்டு அசையாமல் போக இரண்டு பெரிய காரணங்கள். ஒன்று ரத்தக்கட்டி, மாத்திரை சரியாக எடுக்காதவர்களுக்கு சடாரென்று வரும். இன்னொன்று பன்னஸ் என்கிற சதை வளர்ச்சி, வால்வைத் தைத்த வளையத்திலிருந்து மெல்ல மெல்ல உள்நோக்கி வளரும், வருடக்கணக்கில். முன்னதை மருந்து கொடுத்துக் கரைத்துப் பார்க்கலாம், பின்னதைக் கத்தி வைத்துத்தான் எடுக்க வேண்டும். ஸ்கேனில் இரண்டும் ஒன்றுபோலத் தெரியும் நேரமும் உண்டு என்றார் அக்கா, அதனால்தான் கோடர் இதில் புத்திசாலித்தனம் காட்டக் கூடாதாம். செயற்கை வால்வால் ரத்தக்கட்டி என்று டாக்டர் எழுதினால் டி 82.867. நார்த்திசு வளர்ச்சி என்று எழுதினால் டி 82.827. சுருங்கிவிட்டது, அடைப்பு என்று மட்டும் எழுதினால் டி 82.857. வெறுமனே பன்னஸ் என்ற ஒற்றைச் சொல் இருந்தால்? "அத வச்சிட்டு ஓடாதிங்க. அது என்ன செஞ்சுதுன்னு எழுதியிருக்காரான்னு பாருங்க. இல்லன்னா டாக்டருக்கு கொயரி அனுப்புங்க. நீங்க டாக்டர் இல்ல, கேட்டியளா?"

ஸ்டென்ட்டுக்கு இன்னொரு பொறி. ஸ்டென்ட்டுக்குள்ளும் திசு வளர்ந்து மறுபடி அடைக்கும், அதுவும் ஒருவகை வடுதானே என்று நாங்கள் ஏழு பேரும் 827 போட்டோம். தப்பு. இதய ரத்தக்குழாய் ஸ்டென்ட் சுருங்கினால் டி 82.855 என்று தனியாகவே இருக்கிறது, 2016 அக்டோபரில் சேர்த்தது. என் ஜெராக்ஸ் புத்தகத்தில் தேடினேன், அந்தப் பக்கமே மங்கலாக விழுந்திருந்தது.

எனக்கு இன்றைக்கும் தினம் உதவுவது வேறு ஒரு பாடம். வடு இருக்கிறது என்பதற்காக வடு கோடு போடக் கூடாது. பேஸ்மேக்கர் பேட்டரி மாற்றும் ஒவ்வொரு நோட்டிலும், தோலுக்குக் கீழே பெட்டியைச் சுற்றி நார் உறை இருந்தது, அதைத் திறந்து பெட்டியை எடுத்தோம் என்று ஒரு வரி இருக்கும். அது எல்லாருக்கும் வளர்வது. புதுக் கோடருக்குக் கண் அந்த வரியில் போய் ஒட்டிக்கொள்ளும், ஆஹா ஃபைப்ரோசிஸ் என்று 827-ஐப் போட்டுவிடுவார். பேட்டரி தீர்ந்ததால் மாற்றினார்கள் என்றால் அது இசட் 45.010, அவ்வளவுதான். சிகிச்சைக்குப் பிறகு வந்ததெல்லாம் சிக்கல் இல்லை. அந்தச் சாதனத்துக்கும் இந்தத் தொந்தரவுக்கும் காரண காரியத் தொடர்பு இருக்கிறது என்பது டாக்டரின் எழுத்தில் தெரிய வேண்டும், மருத்துவ ரீதியாக அது பொருட்படுத்த வேண்டியதாகவும் இருக்க வேண்டும். கைட்லைனில் உள்ளதுதான், வார நாள் சாரின் ஸ்லைடிலும் இந்த வரி இருந்தது. அவர் அதை வாசித்தார். அக்கா நாலு நோட்டுகளைக் கொடுத்து எதில் சிக்கல், எதில் வெறும் உறை என்று பிரிக்கச் சொன்னார். நான் இரண்டைத் தப்பாகப் பிரித்தேன். அதனால்தான் மறக்கவில்லை.

சின்னச் சின்ன விஷயமும் அவரிடம்தான். டி 82.827-க்கு ஆறு இடமும் நிரம்பியிருப்பதால் நேராக ஏழாவது எழுத்து போடலாம், ஆனால் சாதனத்தில் கிருமித்தொற்றுக்கான டி 82.7-க்கு நடுவில் இரண்டு எக்ஸ் போட்டுத்தான் ஏழாவது இடத்துக்குப் போக முடியும். சிக்கல் கோடே சாதனம் இருப்பதைச் சொல்லும்போது, வாய்ப்பாடு மாதிரி இசட் கோடையும் கூடவே ஒட்ட வேண்டியதில்லை, மாற்று இதயத்தை வைத்து கைட்லைனிலேயே அந்த உதாரணம் இருக்கிறது. லீடு எடுக்கும் சிகிச்சைக்கு சிபிடியில் ஒரு லீடு உள்ள பேஸ்மேக்கருக்கு 33234, இரண்டு லீடு உள்ளதற்கு 33235, அதிர்ச்சி கொடுக்கும் டிஃபிப்ரிலேட்டர் என்றால் 33244. அப்புறம் அந்த டிஃபிப்ரிலேட்டரையும் இதய நோட்டுகளில் ஐசிடி என்றுதான் சுருக்கி எழுதுவார்கள். எங்கள் வகுப்பில் ஒரு பிள்ளை, "நோயாளிக்கு ஐசிடி வைத்திருக்கிறார்கள்" என்பதைப் படித்துவிட்டு, கோடு புத்தகத்தை எதற்கு அவருக்குள் வைத்தார்கள் என்று கேட்டது. சிரித்தோம், ஆனால் எங்களுக்கும் அதே சந்தேகம்தான்.

கீயைப் பற்றி அக்காவிடம் சொன்னேன். அவர் சாரிடம் நேரில் பேசினார் போல. மூன்று வாரம் கழித்து வாட்ஸ்அப் குரூப்பில் "கேள்வி 38 ரத்து" என்று ஒரு செய்தி வந்தது. திருத்தம் இல்லை, காரணம் இல்லை, ரத்து. என்னோடு படித்தவர்களில் பாதிப் பேர் இன்றைக்கும் பழைய சாதனம் என்றால் டாக்டர் டி என்று நம்பிக்கொண்டு எங்கேயோ வேலை பார்க்கிறார்கள், போட்ட கோடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டில் அடி வாங்கும்போது தெரியும். அந்த அடியை ஒழுங்கான கீ இருந்திருந்தால் வகுப்பிலேயே வாங்கி முடித்திருப்பார்கள்.

வேலை வாங்கித் தருவது பற்றி. சேரும்போது நூற்றுக்கு நூறு என்றார்கள். எனக்கு வந்தது சென்னையில் நடக்கும் இரண்டு வாக்-இன் பற்றிய பார்வர்டு மெசேஜ், அதில் ஒன்று தேதி முடிந்தது. நம் ஊரில் வாய்ப்பு குறைவு, பெரும்பாலும் சென்னைக்கோ திருவனந்தபுரத்துக்கோ போக வேண்டியிருக்கும், முதலிலேயே மனசைத் தயார்படுத்திக்கொள்ளுங்கள். நான் கன்னியாகுமரி எக்ஸ்பிரஸில் ஏறிப் போய், விடுதியில் ஆறு மாதம் இருந்து, அப்புறம்தான் வீட்டிலிருந்து பார்க்க விட்டார்கள். இன்டர்வியூவில் கேட்ட நோட் பேஸ்மேக்கர் பேட்டரி மாற்றியது. நார் உறை வரி இருந்தது. உள்ளுக்குள் சிரித்துக்கொண்டே இசட் 45.010 எழுதினேன். பரீட்சை பாஸ் ஆனாலும் அனுபவம் சேரும்வரை பட்டத்தின் பின்னால் இன்னும் பயிற்சியில் இருப்பவர் என்பதற்கான ஒரு ஏ தொங்கும், அதைப் பார்த்துவிட்டுக் கம்பெனிகள் சம்பளத்தைக் குறைத்துத்தான் பேசும். இதையும் யாரும் சேரும்போது சொல்லவில்லை.

பீஸில் பாதியாவது திருப்பிக் கொடுங்கள், புத்தகம் கொடுக்கவில்லையே என்று ஓனரிடம் கேட்டேன். "மோளே, நீதான் பாஸ் ஆயாச்சே" என்றார். இதற்குப் பதில் சொல்லத் தெரியாமல் கீழே இறங்கி வந்து கால் கிலோ சிப்ஸ் வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன். சிப்ஸ் நன்றாக இருந்தது, அதைச் சொல்லியாக வேண்டும்.

அப்போ யார் சேரலாம்? நர்சிங், பார்மசி படித்தவர்கள், உடற்கூறியல் ஏற்கெனவே தெரிந்தவர்கள், வார நாள் வகுப்புக்கு 28,000 கொடுக்காதீர்கள். நடப்பு வருடப் புத்தகங்களை வாங்கி, முன்னால் இருக்கும் கைட்லைனை மெதுவாக வாசித்தால் அந்த சார் சொல்வதைவிட அதிகம் கிடைக்கும். சனிக்கிழமை வகுப்பு மட்டும் தனியாகச் சேர முடியுமா என்று கேளுங்கள். முடியாது என்பார்கள், இரண்டாம் தடவை கேளுங்கள், ஒத்துக்கொள்வார்கள், என் அத்தை மகள் அப்படித்தான் சேர்ந்தாள். கோடிங்கே புதிது, அடிப்படையே தெரியாது என்றால் வேறு இடங்களையும் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். எங்கே போனாலும் பணம் கட்டுவதற்கு முன் ஒரு ஆப்பரேஷன் நோட்டைக் கொடுத்து இதை வாசித்துக் காட்டுங்கள் என்று ஆசிரியரிடம் கேட்டுப் பாருங்கள், முகத்திலேயே தெரிந்துவிடும். பரீட்சைக்குப் புத்தகத்தில் கையால் குறிப்பு எழுதி எடுத்துப் போகலாம், அக்கா அதற்கும் ஒரு முறை வைத்திருக்கிறார், டி 82 பக்கத்தில் என் புத்தகத்தில் பென்சிலால் "பூவரசு" என்று மட்டும் எழுதியிருக்கிறது. வகுப்பு காலை பத்து முதல் ஒன்று வரை. அக்கா இன்னும் அங்கே எடுக்கிறாரா என்று உறுதி செய்துகொண்டு போங்கள், சம்பளம் சரியாகக் கொடுப்பதில்லை என்று காதில் விழுந்தது.

கடைசியாக ஓனருக்கு ஒன்று. ஜங்ஷனில் வைத்திருக்கும் ஃபிளெக்ஸில் "எங்கள் சாதனையாளர்கள்" என்று என் போட்டோவைப் போட்டிருக்கிறீர்கள், என்னிடம் கேட்கவில்லை, அது என் சித்தி மகள் கல்யாணத்தில் எடுத்தது, பக்கத்தில் நின்ற அண்ணனின் தோள் பாதி தெரிகிறது. எடுக்கச் சொல்லி இரண்டு தடவை போன் பண்ணிவிட்டேன். இந்த வாரத்துக்குள் எடுத்துவிடுங்கள்.